டோக்கன் ஏறிவிட்டது, ஆள் ஏறவில்லை

பிரபுவுக்கு அம்மா எழுதுவது. நலமா என்று கேட்கப் போவதில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் நீ லீவு நாள் மத்தியானத் தூக்கத்தில் குறட்டை விடுவது இங்கே கேட்கிறது, நலமாகத்தான் இருக்கிறாய். ஒரே வீட்டில் இருந்துகொண்டு எதற்குக் கடிதம் என்று கேட்பாய். நான் வாயைத் திறந்தால் நீ போனைத் திறக்கிறாய், அதற்காகத்தான். காலையில் மாரிகுப்பம் ஸ்டேஷனுக்கு ஓடுகிற அவசரத்தில் "சாயங்காலம் பேசலாம்மா" என்கிறாய். சாயங்காலம் நீயும் உன் பெண்டாட்டியும் பெங்களூரிலிருந்து ரயிலில் நசுங்கி வந்து இறங்கும்போது, உங்களிடம் பேசுவதும் ஒன்று, காயப்போட்ட துணியிடம் பேசுவதும் ஒன்று. காகிதத்திடம் "ம்ம், ம்ம்" என்று தலையாட்டித் தப்பிக்க முடியாது. உட்கார்ந்து படி.

விஷயம் இதுதான். வருகிற ஞாயிற்றுக்கிழமை உன் மலையேற்றக் கூட்டத்தைக் கோலாருக்கு அந்தப் பக்கம் இருக்கிற குகைப் பாறை மலைக்கு அழைத்துப் போகிறாய். சனி, ஞாயிறு சும்மா இருக்க முடியாமல் நீ ஆரம்பித்த வேலை அது. போகட்டும். ஆனால் இந்த முறை கயலையும் கூட்டிப் போகிறேன் என்கிறாய். அவளைப் பெற்றவளோ, "அத்தை சரின்னா எனக்கும் சரி" என்று சொல்லிவிட்டு நழுவிக்கொண்டாள். புத்திசாலி. ஏதாவது ஆகிவிட்டால் அத்தை சொன்னாள். ஒன்றும் ஆகாவிட்டால் மகள் அம்மாவைப் போல தைரியசாலி. ஆக, குழந்தை போகலாமா கூடாதா என்கிற தீர்ப்பு என் தலையில் வந்து விழுந்திருக்கிறது. கயலும் சும்மா இல்லை. நான் கேட்காமலேயே கால் பிடித்துவிடுகிறாள்.

"ஆயா, ஷூ கூட வாங்கியாச்சு ஆயா."

"ஷூ வாங்கிட்டா மலை எறங்கி உன்கிட்ட வந்துடுமாடி?"

"வராது. அதான் நானே ஏறிப் போறேன்றேன்."

இந்த வாய் யாரிடமிருந்து வந்தது என்று நீயும் உன் பெண்டாட்டியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ள வேண்டாம். எனக்குத் தெரியும். தீர்ப்பைக் கடைசியில் சொல்கிறேன். முதலிலேயே சொன்னால் நீ மீதியைப் படிக்க மாட்டாய். பக்கத்தைத் திருப்பிப் பார்க்காதே.

போன மாதம் ஒத்திகை என்று அதே மலைக்கு ஒரு கூட்டத்தைக் கூட்டிப் போனாயே, அதில் என்னையும் வேனில் ஏற்றினாய். "நீ ஏற வேணாம்மா, கீழ மரத்தடியில உக்காந்து எலுமிச்சம்பழ சாதம் போட்டா போதும்" என்றாய். நானும் உட்கார்ந்து, போட்டு, பார்த்துக்கொண்டிருந்தேன். நல்லதை முதலில் சொல்லிவிடுகிறேன். உன் மருந்துப் பெட்டியில் இல்லாத மருந்து இல்லை. கயிற்றை ஒவ்வொரு முழமாக இழுத்துப் பார்த்தாய். அடிவாரத்து டீக்கடைக்காரரிடம், "நாங்க மூணு மணிக்குள்ள எறங்கலைன்னா இந்த நம்பருக்கு அடிங்க அண்ணா" என்று கன்னடத்தில் சொல்லிவிட்டு வந்தாய். மெதுவாக நடக்கிற அந்தப் பருமனான அம்மாவை முன்னால் நடக்கவிட்டு, அவர் வேகத்துக்கு மற்றவர்களை நடக்க வைத்தாய். எனக்கு நெஞ்சு நிறைந்தது. விசிலை மட்டும் எனக்குப் பிடிக்கவில்லை. ஆபத்துக்கு ஊது என்று ஆளுக்கொன்று கொடுத்தாய். பங்காருபேட்டை தாண்டுவதற்குள் வேன் முழுக்க ஆபத்து. இனிமேல் அதை மலையடிவாரத்தில் கொடு.

எல்லாம் சொல்லி முடித்துக் கடைசியாக ஒன்று சொன்னாய் பார், அங்கேதான் எனக்குக் கரண்டி கையிலிருந்து நழுவியது. "கீழ வந்ததும் ஒவ்வொருத்தரும் வாட்ஸ்அப் குரூப்ல கட்டைவிரல் போடுங்க. எல்லா விரலும் வந்தாத்தான் வேன் கெளம்பும்" என்றாய். எல்லாரும் தலையாட்டினார்கள். எனக்கு உன் அத்தை சரோஜாவின் முகம் கண்ணுக்கு முன்னால் வந்து நின்றது. அவள் வராத இடமே கிடையாது.

உனக்கு ஞாபகம் இருக்காது, இதே மலைக்கு நீ ஏற்கெனவே வந்திருக்கிறாய். பள்ளிக்கூடம் சேர்க்காத வயது. ஆயுத பூஜைக்கு மறுநாள், நம் லைன் வீட்டுக்காரர்கள் எல்லாரும் ஒரு லாரி பேசிக்கொண்டு போனோம். ஏற்பாடு என் வீட்டுக்காரர், உங்க நைனா. அவர் தங்கச் சுரங்கத்தில் கேஜ் வாசலில் வேலை பார்த்தவர், ஆட்களைப் பூமிக்குள் இறக்கி ஏற்றுகிற இரும்புக் கூண்டின் வாசலில், ஒரு ஷிஃப்ட் மேலே, ஒரு ஷிஃப்ட் பூமிக்குள். அங்கே இறங்குகிற ஒவ்வொருவனும் ஒரு பித்தளை டோக்கனை எடுத்துக்கொண்டு இறங்குவான். மேலே வந்ததும் தன் கையாலேயே திருப்பிக் கொடுக்க வேண்டும். டோக்கன் மாட்டுகிற பலகையில் ஒரு ஆணி காலியாக இருந்தால் ஒரு ஆள் இன்னும் உள்ளே இருக்கிறான் என்று அர்த்தம். சில நாள் பூமிக்குள் பாறை வெடிக்கும். இங்கே நம் வீட்டுப் பாத்திரமெல்லாம் அலமாரியில் குதிக்கும். அடுப்பில் இருப்பதை அப்படியே போட்டுவிட்டு நாங்கள் பெண்கள் ஷாஃப்ட் வாசலுக்கு ஓடுவோம். "உன் வீட்டுக்காரர் டோக்கன் வந்துட்ச்சிமா" என்று உள்ளேயிருந்து ஒரு குரல் வரும். அவ்வளவுதான். ஆளை நேரில் பார்க்கக்கூட நிற்காமல் வீட்டுக்கு வந்து உலை வைப்பேன். அந்த நாளில் இந்த ஊரில் டோக்கன் என்றால் ஆள், ஆள் என்றால் டோக்கன். அதில் ஒருவனும் விளையாட மாட்டான்.

அந்த நம்பிக்கையை உங்க நைனா அப்படியே பிக்னிக்குக்குத் தூக்கிக்கொண்டு வந்தார். எண்ணெய் டின்னை வெட்டி, ஆணியால் நம்பர் குத்தி, விளிம்பைத் தட்டி மழுக்கி, குஞ்சு குளுவான் வரைக்கும் ஆளுக்கொரு டோக்கன். உன்னுடையதும் என்னுடையதும் ஒரே கயிற்றில். டோக்கன் மாட்ட ஆணி அடித்தாரே ஒரு பலகை, அது என் சப்பாத்திப் பலகை. அந்தக் கணக்கு தனி. லாரியிலேயே முதல் ஷிஃப்ட் சாப்பாடு, இரண்டாம் ஷிஃப்ட் சாப்பாடு என்று பிரித்துவிட்டார். யாரோ ஒருவர், "எறங்கும்போது தலைய எண்ணிக்கலாமே" என்று சொன்னதற்கு அவர் சொன்ன பதில் இன்னும் என் காதில் இருக்கிறது. "தல ஆடும், ஓடும், ஒளிஞ்சிக்கும். டோக்கன் பொய் சொல்லாது."

மேலே சுனைக்கரையில் எல்லாரும் இறங்கத் தயாரானபோது உனக்கு வயிறு கலங்கியது. கொய்யாக்காயைக் கடிக்காதே கடிக்காதே என்று வழியெல்லாம் சொன்னேன். ஒரு கையில் உன்னையும் மறு கையில் சொம்பையும் பிடித்துக்கொண்டு நான் பாறைக்குப் பின்னால் ஓட, சரோஜா வந்தாள். "குடுங்க அண்ணி, டோக்கன் தண்ணியில விழுந்துடப் போவுது, நான் வெச்சிக்கிறேன்." கொடுத்தேன். ஏன் கொடுத்தாய் என்று நீ கேட்பாய். உங்க நைனாவும் கேட்டார். மூன்றாவது கை எனக்கு இல்லை என்றேன்.

வெச்சிக்கிறேன் என்றவள் வைத்துக்கொள்ளவில்லை. கீழே இறங்கினாள். தன் டோக்கனை மாட்டினாள். கையோடு நம்முடையதையும் மாட்டிவிட்டாள். உங்க நைனா பலகையைப் பார்த்தார், ஆணியெல்லாம் நிறைந்திருந்தது, "ரைட்!" என்றார். முன்னால் டிரைவர் பக்கத்தில் துரை மாதிரி ஏறி உட்கார்ந்தார். லாரி போய்விட்டது.

நான் பாறையைச் சுற்றி வந்து பார்த்தால், பெரிய குரங்கு ஒன்று உன் நிஜாரை எடுத்துக்கொண்டு மரத்தில் இருக்கிறது. வேறு ஜீவன் இல்லை. கீழே லாரி நின்ற இடத்தில் மண்தான் தெரிந்தது. கத்தினேன். மலை திருப்பிக் கத்தியது. தூறல் ஆரம்பித்தது. இறங்கலாம் என்று ஒரு காலை வைத்தேன், பாறை சோப்புப் போட்ட மாதிரி வழுக்கியது. நான் பயப்படுகிற ஆள் இல்லை என்று உனக்குத் தெரியும். அன்றைக்குப் பயந்தேன். நான் விழுவதற்கல்ல, நான் விழுந்தால் நீ தனியாக நிற்பாய் என்று. உன்னை முந்தானையால் என்னோடு சேர்த்துக் கட்டிக்கொண்டு குகை வாயில் உட்கார்ந்தேன். ஆடு ஓட்டிக்கொண்டு ஒரு தெலுங்குக்காரம்மா வந்தாள். தனியாகவா வந்தாய் என்று கேட்டாள். ஊரே வந்தது, ஊரே போய்விட்டது என்றேன். மழை விட்டாலும் பாறை விடாது, ஆள் வருகிற வரைக்கும் இடத்தை விட்டு அசையாதே என்று சொல்லி, தன் கோணிப்பையை உன் மேல் போட்டுவிட்டுப் போனாள். வழி தெரியாவிட்டால் அங்கேயே உட்காருங்கள் என்று உன் கூட்டத்துக்கு நீ சொன்னபோது நான் தலையாட்டினேனே, அது இதனால்தான்.

அங்கே லாரியில் நடந்ததைப் பக்கத்து வீட்டு ராஜம்மா சொல்லித்தான் எனக்குத் தெரியும். பங்காருபேட்டை ரயில்வே கேட் போட்டிருந்ததாம். லாரி நின்றதும் ராஜம்மா சுற்றிப் பார்த்துவிட்டு, "இன்னாடி சரோஜா, வண்டி இவ்ளோ நிம்மதியா வருது? உங்க அண்ணி எங்க?" என்றாளாம்.

"முன்னாடி அண்ணன்கூட இருக்காங்க."

சந்தேகம் வந்து டிரைவர் முதுகுப் பக்கத்துப் பலகையைத் தட்டினார்கள். "அண்ணே! அண்ணி இன்னா பண்றாங்க?"

"என்னைக் கேட்டா? பின்னாடி உங்ககூடத்தானே இருக்கா!"

என் குரல் இல்லாததை ஊரார் கண்டுபிடித்தார்கள், கட்டிக்கொண்டவர் கண்டுபிடிக்கவில்லை. அந்த கேட் போட்டிருக்காவிட்டால் மாரிகுப்பம் வந்துதான் பால் காய்ச்ச ஆளைத் தேடியிருப்பார்கள்.

வெளிச்சம் மங்குகிற நேரத்தில் உங்க நைனா மூச்சு வாங்க ஏறி வந்தார். செருப்பைக் கீழேயே எங்கேயோ விட்டிருந்தார். முழங்கால் இரண்டும் சிராய்ப்பு. உன்னைத் தொட்டுப் பார்த்தார், என்னைத் தொட்டுப் பார்த்தார். அப்புறம் சொன்னார்: "இன்னாமே இது, டோக்கன் ரெண்டும் இருந்துச்சே!"

"அப்போ அந்த டோக்கனையே கூட்டிம்போய்க் குடும்பம் நடத்துங்க" என்றேன்.

பூமிக்குள் ஒருவன் டோக்கனை இன்னொருவன் போடமாட்டான், அது உயிர் என்று எல்லாருக்கும் தெரியும். வெளியில், வெயிலில், சோறு கட்டிக்கொண்டு சிரித்துப் பேசி வந்த இடத்தில், அது வெறும் டின் தகடு ஆகிவிட்டது. ஜனங்கள் மாறியது உங்க நைனாவுக்குத் தெரியவில்லை. பலகையையே பார்த்துக்கொண்டிருந்தார். சரோஜா மட்டும் மறுநாள் வந்து, "நல்லதுக்குத்தானே அண்ணி பண்ணேன், நீங்க மறந்துடுவீங்கன்னு" என்றாள். இன்றைக்கு ஆம்பூரில் பேரன் பேத்தி எடுத்து உட்கார்ந்திருக்கிறாள். வீடியோ காலில் வரும்போதெல்லாம், "இன்னுமா அண்ணி கோவம்?" என்று கேட்கிறாள். இன்னும்தான்.

இப்போது உன் கட்டைவிரலுக்கு வருகிறேன். ஒத்திகை அன்றைக்கு எல்லாரும் இறங்கி வந்து கை கழுவிக்கொண்டிருந்தார்கள். ஒரு பையன் இரண்டு போனை வைத்துக்கொண்டு பக்கத்தில் இருந்தவனிடம் சொன்னதை நான் என் காதால் கேட்டேன். "அவன் போன் என்கிட்டதான் சார்ஜ்ல இருக்கு மச்சா. அவனுக்கும் நானே போட்டுடறேன். சுருக்க கெளம்பலாம்." போட்டான். உன் முகத்தில் அப்படியே உங்க நைனா களை. "எல்லாரும் வந்தாச்சு, ஏறுங்க ஏறுங்க!"

"நீலத் தொப்பி வரலடா" என்றேன்.

"வந்தாச்சும்மா. பாரு, விரல் இருக்குது."

"விரல் இருக்குது. வாய் எங்க?"

காலையில் அந்த நீலத் தொப்பி என் ஊறுகாயைப் பார்த்து, "ஆயில் ஜாஸ்தி ஆன்ட்டி" என்று மூக்கைச் சுளித்தவன். அவனை நான் விடுவேனா? சாதம் வாங்க எப்போது வருவான், என்ன பதில் கொடுக்கலாம் என்று கரண்டியோடு காத்துக்கொண்டிருந்தேன். வரவில்லை. நீ நம்பாமல் வேனுக்குள் ஏறிப் பார்த்தாய். இறங்கும்போது உன் முகம் வெளுத்திருந்தது.

அதற்கப்புறம் நீ செய்ததில் ஒரு குறை சொல்ல மாட்டேன். ஓடவில்லை. கத்தவில்லை. மற்றவர்களை வேனிலேயே உட்கார வைத்து, கூட ஒருத்தனைக் கூட்டிக்கொண்டு, கயிற்றை எடுத்துக்கொண்டு போனாய். நீலத் தொப்பி வீடியோ எடுக்கிறேன் பேர்வழி என்று ஒரு பாறை விளிம்பில் இறங்கி, ஏறவும் முடியாமல் இறங்கவும் முடியாமல் பல்லிபோல ஒட்டிக்கொண்டு நின்றிருக்கிறான். போனைத்தான் சார்ஜுக்குக் கொடுத்துவிட்டானே, எதில் வீடியோ என்று கேட்காதே, இன்னொருத்தன் கேமராவாம். கயிற்றைக் கட்டி இறக்கிக் கூட்டி வந்தாய். திட்டினாய்தான், அவன் கால் தரையில் பட்ட பிறகு திட்டினாய். அந்த நிதானம் உங்க நைனாவுக்கும் உண்டு. நீலத் தொப்பி அன்றைக்கு ஊறுகாயை இரண்டாம் தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டான். போட்டேன். மன்னித்தேன் என்று யார் சொன்னது?

வீட்டுக்கு வந்ததும் நீ, "அடுத்த தடவ விரல் வேணாம்மா, ஒவ்வொருத்தரும் க்யூஆர் கோடு ஸ்கேன் பண்ற மாதிரி வெச்சிடறேன்" என்கிறாய். அப்பா, நீ தகடு வை, விரல் வை, கோடு வை. எதை வைத்தாலும் அதை இன்னொருத்தருக்காகப் போட ஒரு சரோஜா வருவாள். கெட்ட எண்ணத்தில் வரமாட்டாள், உதவி செய்யத்தான் வருவாள். அதனால் வேன் வாசலில் நீயே நில். ஒவ்வொருவரும் தன் வாயால் தன் பெயரைச் சொல்லி ஏறட்டும், நீ முகத்தைப் பார். உனக்கு அதிலும் ஒரு கஷ்டம் இருக்கிறது. நீ எல்லாரிடமும் சிரித்துச் சிரித்துப் பேசுகிறாய். அதனால் எல்லா முகமும் உனக்கு ஒரே முகம். ஒவ்வொருவரிடமும் மனசுக்குள் ஒரு சின்னக் குறை கண்டுபிடித்து வைத்துக்கொள். இவன் தண்ணீரைக் கொட்டினவன், இவள் விசில் ஊதினவள், இவன் ஊறுகாய். ஒருத்தரும் விட்டுப்போக மாட்டார்கள். எனக்கு இந்த லைனில் ஒரு முகமாவது மறந்து நீ பார்த்திருக்கிறாயா?

ஆனால் கயலை அனுப்பலாமா என்று என்னைத் தயங்க வைத்தது விரல் இல்லை. அதை நீ திருத்திக்கொள்வாய். வேறொன்று. அன்றைக்கு நீங்கள் ஏறப் புறப்படும்போதே மேற்கே மேகம் கறுத்திருந்தது. நீ அதைப் பார்த்தாய். நீ பார்த்ததை நான் பார்த்தேன். கயிற்றுப் பையைத் தோளிலிருந்து இறக்கக்கூடச் செய்தாய். அதற்குள் ஒருவர், "இவ்ளோ தூரம் வந்துட்டு டாப்புக்குப் போகலைன்னா எப்படி சார்?" என்றார். நீ சிரித்தாய். பையை மறுபடி மாட்டிக்கொண்டாய். அன்றைக்கு மழை வராமல் போனது உன் சாமர்த்தியம் இல்லை, மேகத்தின் தயவு.

சின்ன வயசிலிருந்தே உனக்கு வேண்டாம் என்ற வார்த்தை வராது. பொங்கலன்று லைனில் எத்தனை வீட்டில் கூப்பிட்டார்களோ அத்தனை வீட்டிலும் சாப்பிட்டுவிட்டு வந்து, நம் வீட்டிலும் உட்கார்ந்து சாப்பிட்டு, ராத்திரியெல்லாம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு உருண்டவன் நீ. "வேணாம்னு சொல்றதுக்கு இன்னாடா?" என்று கேட்டால், "அவங்க மூஞ்சி சுண்டிப்போவுமேம்மா" என்றாய். அந்தப் பிள்ளைதான் இப்போது இத்தனை பேரை மலைமேல் கூட்டிப் போகிறான். யாராவது ஒருவர் முகம் சுண்டிவிடுமோ என்று அத்தனை பேரையும் ஈரப் பாறையில் நடக்க வைத்துவிடுவானோ என்றுதான் எனக்குப் பயம். அதில் கயலும் நடப்பாள். தன் அப்பா வேண்டாம் என்று சொல்லவில்லை, அப்படியானால் சரிதான் என்று நம்பி நடப்பாள்.

உன் குணத்தை இந்த வயசில் என்னால் மாற்ற முடியாது. அதனால் உனக்கு ஒரு சாமான் தருகிறேன். மருந்துப் பெட்டியில் வைக்க முடியாது, எடை கிடையாது. இந்த ஊரில் எனக்கு ஒரு பெயர் இருக்கிறது. ஊரிகம் ஸ்டேஷன் வரைக்கும் தெரியும். பால்காரன் என்னைப் பார்த்தால் அளவை இன்னொரு தரம் பார்த்துக்கொள்கிறான். ரேஷன் கடையில் எனக்கு வரிசை தானாக ஒழுங்காகிறது. அந்தப் பெயரை எடுத்துக்கொண்டு போ. ஞாயிற்றுக்கிழமை வானம் கறுத்தால், யாருக்காவது கால் நடுங்கினால், உனக்கே காரணம் சொல்லத் தெரியாமல் மனசு உறுத்தினால், திரும்பிவிடு. யாராவது, "இவ்ளோ தூரம் வந்துட்டு" என்று ஆரம்பித்தால், மேகம், பாறை, ரிஸ்க் என்று விளக்கிக்கொண்டு நிற்காதே. விளக்கினால் பேரம் பேசுவார்கள். "எங்கம்மா விட மாட்டாங்க சார்" என்று சொல். "அது ஒரு மாதிரி பொம்பள, கொழந்தைய நனைச்சிக் கூட்டிட்டுப் போனா வாசல்லயே மானத்த வாங்கிடும்" என்று சொல். பாவம் இந்த ஆள், வீட்டில் இப்படி ஒன்று உட்கார்ந்திருக்கிறதே என்று உனக்காக இரக்கப்பட்டுக்கொண்டே எல்லாரும் இறங்கி வருவார்கள்.

கயல் வரட்டும். நான் சரி என்று சொன்னேன் என்று அவள் அம்மாவிடமும் சொல். ஷூவுக்குள் போடத் தடிமனான காலுறையாக வாங்கு, புது ஷூ குதிகாலைக் கடிக்கும். மலைமேல் நீ திரும்பலாம் என்றால் அவள் எதிர்ப்பேச்சு பேசாமல் திரும்ப வேண்டும். அதை நான் அவளிடம் தனியாகப் பேசிக்கொள்கிறேன்.

என்னைப் பற்றி அங்கே நீ இன்னும் மோசமாகச் சொல்ல வேண்டி வந்தாலும் சொல். ராட்சசி என்று சொல். பைத்தியம் என்று சொல். அப்புறம் வந்து, "உன்னை இப்படியெல்லாம் சொல்லிட்டேம்மா" என்று என் முன்னால் தயங்கிக்கொண்டு நிற்காதே. குழந்தையைக் குளிக்க அனுப்பிவிட்டு நீயும் உட்கார்ந்து சாப்பிடு. அதை மட்டும் நான் மனசில் வைத்துக்கொள்ள மாட்டேன்.

அம்மா